மனக்கொடுமையும் மணவிலக்கும்

உடலிலே தோன்றும் புண்ணை உலகம் காண்கின்றது. உள்ளத்திலே தோன்றும் புண்ணை அதனையுடையார் அன்றிப் பிறர் காணார். காணப்படாமை ஒன்றனையே கொண்டு அஃது இல்லையென்று துணிதல் அறிவுடைமையாகாது. நெருப்பு விளைத்த காயத்தினும் சொல் விளைத்த காயம் நெடிது நிற்கும் என்னும் உண்மையை வள்ளுவனார் அடக்கமுடைமை என்னும் அதிகாரத்துள் உணர்த்தியுள்ளார். தமிழ்மக்கள் இங்ஙனம் நெடுங்காலமாக அறிந்திருந்த ஒன்றைச் சட்டநூல் ஒப்புக்கொள்ளப் பல தலைமுறை சென்றது. மணவாழ்க்கையில் ஒருவர் மற்றொருவர்க்கு இழைக்கும் மனக்கொடுமை மணவிலக்குக்குப் போதிய காரணமாகுமோ என்னும் வினாவுக்கு நீதிமன்றங்களும் சட்டமியற்றுவோரும் விடை கண்ட வரலாற்றை ஈண்டுச் சுருக்கிக் கூறுவாம். கிறிஸ்தவராகிய நமக்கு இது சட்டவினா மட்டுமன்று, மனச்சான்றின் வினாவுமாம். ஆதலின் அதனையும் இறுதியிற் சிறிது ஆராய்வாம்.

1. கொடுமை என்னுஞ் சொல்

முதற்கண் சொல்லை நோக்குவாம். ‘கொடு’ என்னும் அடிக்கு வளைவு என்பது பொருள். வளைந்த வாள் கொடுவாள் எனப்பட்டது. நேரிய ஆட்சி செங்கோல் எனவும், நேர்மையினின்று பிறழ்ந்த ஆட்சி கொடுங்கோல் எனவும் வழங்கின. செந்தமிழ், கொடுந்தமிழ் என்னும் வழக்கும் அத்தகையதே. ஆகவே செம்மைக்கு மறுதலையானது கொடுமை. அரசன் ஒருவனைக் கொடுங்கோலன் என்னும்போது, அவன் குடிகள் ஒவ்வொருவரையும் தன் கையால் அடித்தான் என்று நாம் கருதுவதில்லை. அவனுடைய நடை முழுவதும் நேர்மையினின்று வளைந்தது என்றே கருதுகின்றோம். இல்லறத்துக்கும் இது பொருந்தும். கணவன் மனைவியர் ஒருவர்பால் ஒருவர் கொள்ளவேண்டிய நேர்மை அடியோடு வளைந்துவிடின், ஓர் அடியேனும் விழாதிருப்பினும், அவ்விடத்துக் கொடுமை உண்டு. நம் மொழி தன் சொல்லிலேயே இப்பரந்த பொருளைப் பொதிந்து வைத்திருக்கின்றது. ஆங்கிலச் சட்டமோ மிகக் குறுகிய பொருளிலிருந்து தொடங்கிற்று.

2. ஆங்கில நாட்டுப் பழைய நெறி

இங்கிலாந்தில் 1857ஆம் ஆண்டுவரை மணவழக்குகள் திருச்சபை நீதிமன்றங்களின் ஆட்சிக்குட்பட்டிருந்தன. அவை மணத்தை அறுக்கும் அதிகாரம் உடையனவல்ல. இருவரும் பிரிந்து வாழலாம் என்று கட்டளையிடுதலே அவற்றால் இயலும். 1790ஆம் ஆண்டின் ஈவன்ஸ் வழக்கில், பின்னர் ஸ்டோவெல் பிரபு எனப் பெயர்பெற்ற ஸர் வில்லியம் ஸ்காட் என்னும் நீதிபதி, கடுகடுத்த குணமும் முரட்டுப் பேச்சும் அன்பின்மையும் மட்டும் கொடுமையாகா என்றும், உடலுக்குத் தீங்கு நேரும் என்னும் அச்சம் வேண்டும் என்றும் விதித்தார்.

ஒரு நூற்றாண்டு கழிந்த பின்னரும் இந்நெறி மாறவில்லை. 1897ஆம் ஆண்டில் ரஸ்ஸல் பிரபுவின் வழக்குப் பிரபுக்கள் சபைக்கு வந்தது. இவர் தத்துவ அறிஞர் பெர்ட்ரண்ட் ரஸ்ஸலின் தமையனார். தம் மனைவியார் தம்மீது இழிந்த குற்றமொன்றைப் பொய்யாகச் சுமத்தித் திரும்பத் திரும்பப் பரப்பியது கொடுமை என்பது அவர் முறையீடு. உயிர்க்கோ உறுப்புக்கோ உடல்நலத்துக்கோ ஊறு நேராமையின் அது சட்டக் கொடுமையன்று என்று பிரபுக்கள் ஐவர் தீர்ப்பளித்தனர். நால்வர் அதனை மறுத்தனர். ஒரே வாக்கு வேறுபாட்டில் மனத்தின் துன்பம் சட்டத்தின் கணக்குக்குப் புறம்பாயிற்று. மறுத்த நால்வர் கருத்தே பிற்காலத்தில் உலகம் ஏற்கவிருந்த கருத்துக்கு அண்மையது.

3. இந்தியக் கிறிஸ்தவர்க்கு நேர்ந்த நிலை

நம் நாட்டில் கிறிஸ்தவர்களின் மணவிலக்கை ஆள்வது 1869ஆம் ஆண்டிற் பிறந்த சட்டம். 1857ஆம் ஆண்டின் ஆங்கிலச் சட்டத்தை முன்மாதிரியாகக் கொண்டு இஃது இயற்றப்பட்டது. இதன் 10ஆம் பிரிவு ஆடவர்க்கு ஒரு நீதியும் மகளிர்க்கு வேறொரு நீதியும் வகுத்தது. மனைவி கற்புநெறி பிறழ்ந்தாள் என்று மெய்ப்பித்தால் அஃதொன்றே கணவனுக்குப் போதும். மனைவிக்கோ கணவனுடைய பிறன்மனை நயத்தல் மட்டும் போதாது. அதனோடு கொடுமையையோ, ஈராண்டுக் கைவிடுதலையோ, அவை போன்ற பிறிதொன்றையோ சேர்த்து மெய்ப்பிக்க வேண்டும். கொடுமை ஒன்றே உளதாயின், 22ஆம் பிரிவின்படி நீதிமன்றப் பிரிவினை பெறலாமேயன்றி மணவிலக்குப் பெறல் இயலாது.

இதன் விளைவு யாது? கணவனாலே நாள்தோறும் அவமதிக்கப்பட்ட கிறிஸ்தவப் பெண் ஒருத்தி, அவன் ஒழுக்கமும் தவறினான் என்று காட்ட இயலாதவழி, வாழ்நாள் முழுவதும் அவன் மனைவியென்னும் பெயரோடே இருத்தல் வேண்டும். அவன் ஒழுக்கந் தவறாது கொடியனாயிருந்தால் சட்டம் அவனுக்கே துணைநின்றது. முன்மாதிரியாகிய இங்கிலாந்து 1923இல் ஆண் பெண் வேறுபாட்டை நீக்கிற்று. 1937இல் கொடுமையைத் தனிக்காரணமாக ஏற்றது. இந்தியாவில் வைத்துவிட்டுப்போன பிரதி மட்டும் அவ்வாறே நின்றது.

இதற்கிடையில் நம் நாட்டின் பிற சட்டங்கள் முன்னேறின. 1939ஆம் ஆண்டின் முஸ்லிம் மணக்கலைப்புச் சட்டம் இத்துறையில் வியக்கத்தக்கது. நடத்தையாலாகிய கொடுமையால் மனைவியின் வாழ்வைத் துயரமாக்குதல், உடலை வருத்துதல் ஆகாவிடினும், அவள் மணக்கலைப்புக் கோருதற்குக் காரணமாம் என்று அச்சட்டம் வெளிப்படையாகவே கூறுகின்றது. 1954ஆம் ஆண்டின் தனித் திருமணச் சட்டம் கொடுமையை மணவிலக்குக் காரணமாக வைத்தது. 1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தில் கொடுமை பிரிவினைக்கு மட்டுமே காரணமாயிருந்தது. 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை மணவிலக்குக்கும் உரியதாக்கிற்று. பார்ஸிகளின் சட்டம் 1988இல் அவ்வாறே திருந்திற்று.

கிறிஸ்தவர் இறுதியில் வந்தனர். 1995ஆம் ஆண்டில் கேரள உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு, மனைவி ஒழுக்கத் தவற்றோடு கொடுமையையும் சேர்த்துக் காட்டவேண்டும் என்னும் விதி அரசியலமைப்புக்கு முரண் எனத் தள்ளிற்று. 1997இல் பம்பாய் உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வும் அவ்வழி நின்றது. பின்னர்ப் பாராளுமன்றம் 2001ஆம் ஆண்டின் 51ஆம் சட்டத்தால் 10ஆம் பிரிவை முற்றிலும் மாற்றியமைத்தது. இப்போது கணவனும் மனைவியும் ஒரே காரணங்களைக் காட்டி வழக்கிடலாம். எதிர்மனுதாரரோடு கூடி வாழ்தல் தமக்குத் தீங்கு பயக்கும் என்னும் நியாயமான அச்சம் மனுதாரர் மனத்தில் எழுமளவு கொடுமை செய்தல் அக்காரணங்களுள் ஒன்று. தீங்கு என்று பொதுப்படக் கூறிய சட்டம் உடற்றீங்கு என்று குறுக்கவில்லை என்பது நோக்கத்தக்கது. 1869 முதல் 2001 வரை 132 ஆண்டுகள்! அத்துணைக் காலம் மௌனமாய்த் துன்புற்றவர்கள் எத்தனை பேர் என்று எந்த ஏடும் எழுதி வைக்கவில்லை.

4. உச்ச நீதிமன்றம் வகுத்த இலக்கணம்

மனக்கொடுமை என்பது யாது என்று எந்தச் சட்டமும் வரையறுத்துக் கூறவில்லை. மக்கள் மனம் பலவகைப்படுதலின் வரையறை செய்யாமையே நன்று போலும். நீதிமன்றங்களே வழக்குத்தோறும் இலக்கணங் கண்டன. அவற்றுள் தலையாயின சில.

1975ஆம் ஆண்டில் தீர்ப்பான தாஸ்தானே வழக்கு முதலாவது. நீதிபதி ஒய். வி. சந்திரசூட் இதில் இரண்டு உண்மைகளை நிறுவினார். மணவழக்கில் குற்றவழக்கிற்போல ஐயத்திற்கிடமின்றி மெய்ப்பிக்கவேண்டுவதில்லை. இருதரப்புச் சாட்சியங்களையும் சீர்தூக்கி எது நிகழ்ந்திருத்தல் கூடும் என்று காண்டலே போதும் என்பது ஒன்று. பிறரெவரேனும் பொறுத்திருப்பார்களா என்று நோக்காது, இம்மனுதாரர்க்கு இந்நடத்தை எத்தன்மைத்து என்று நோக்குக என்பது மற்றொன்று. அவ்வழக்கில் மனைவியின் நடத்தை கொடுமையே என்று கண்டபின்னும், கணவர் அதன்பின் அவரோடு இல்லறம் நடத்தியமையால் அதனை மன்னித்தவராயினார் என்று கூறி, நீதிமன்றம் கணவரது கோரிக்கையை ஏற்கவில்லை. மன்னித்தபின் பழங்கணக்கை எடுத்தல் ஆகாது என்பதும், மீண்டும் கொடுமை செய்யின் மன்னிக்கப்பட்டது உயிர்பெறும் என்பதும் சட்டத்தின் கருத்து.

1988ஆம் ஆண்டின் ஷோபா ராணி வழக்கில், வரதட்சிணை கேட்டு வருத்துதல் கொடுமை என்று துணியப்பட்டது. துன்புறுத்தவேண்டும் என்னும் உட்கருத்து இருந்ததென்று காட்டுதல் இன்றியமையாததன்று எனவும் அதில் விளக்கப்பட்டது. செய்தவன் நோக்கத்தினும் பட்டவர் நிலையே முதன்மையாயிற்று.

1994ஆம் ஆண்டின் பகத் வழக்கில், கணவரைச் சித்தப்பிரமை கொண்டவர் என்று மனைவி தம் எதிருரையில் எழுதியதும், அவர் தரப்பு வழக்கறிஞர் விசாரணையில் அவ்வாறே குத்திக் கேட்டதும் கொடுமையாகக் கொள்ளப்பட்டன. இருவரும் இனிச் சேர்ந்து வாழ்தல் நியாயமாக எதிர்பார்க்கத்தக்கதன்று என்னும் அளவுக்கு மனநோவு செய்வதே மனக்கொடுமை என அத்தீர்ப்பு உரைத்தது. நீதிமன்றத்தில் எழுதப்படும் சொல்லும் சொல்லே. அதுவும் புண்படுத்தும் என்பது இதனாற் பெறப்படும். ஒருவர் ஒழுக்கத்தைப் பற்றி ஆதாரமின்றி எழுதும் பழிச்சொல்லும் கொடுமையே என 2003ஆம் ஆண்டில் அந்நீதிமன்றம் மீண்டும் வற்புறுத்திற்று.

2007ஆம் ஆண்டின் சமர் கோஷ் வழக்கில் மனக்கொடுமைக்கு எடுத்துக்காட்டுகள் பல தொகுக்கப்பட்டன. இடைவிடாத அவமதிப்பு, நெடுநாள் நீடித்த பாராமுகம், தக்க காரணமின்றி இல்லறவுறவை நெடுங்காலம் மறுத்தல், மகப்பேறு வேண்டாவென்று ஒருவர் மட்டும் தாமே முடிவுசெய்தல், மீண்டும் கூடுதற்கியலாத நீண்ட பிரிவு என்பன அவற்றுட் சில. இவை வழிகாட்டிகளேயன்றி முற்றிய பட்டியல் அல்ல என்றும், கல்வி, குடும்பநிலை, பழக்கவழக்கம், காலம் என்பவற்றிற்கேற்பக் கொடுமையின் அளவு வேறுபடும் என்றும் நீதிமன்றம் கூறிற்று.

நம் மாநிலத்திலும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 2022ஆம் ஆண்டில் சென்னை உயர்நீதிமன்றம், மனைவி தாலிச்சங்கிலியைக் கழற்றிவிட்டதைக் கணவர்க்கிழைத்த மனக்கொடுமைக்கு ஒரு சான்றாகக் கொண்டது. ஆயினும் அஃதொன்றே மணத்தை அறுக்கப் போதுமென்று யாம் கூறவில்லை என்று நீதிபதிகள் எச்சரித்தனர். கணவர் பணிபுரிந்த இடத்துக்கே சென்று பிறர் முன் அவர் ஒழுக்கத்தைப் பழித்ததும், நெடுநாட் பிரிவும் உடன் வைத்து எண்ணப்பட்டன. இதனைச் செய்தித்தாளில் படித்தோருட் பலர் முதற்பாதியை மட்டும் நினைவில் வைத்து எச்சரிக்கையை மறந்தனர். தீர்ப்பொன்றைப் படிக்குங்கால் முழுவதும் படித்தல் வேண்டும்.

5. கொடுமையல்லாதன

இனி மறுபுறத்தையும் கூறாவிடின் கட்டுரை நடுநிலை பிறழும். இல்லறத்தில் சிறு பூசல் இயல்பு. உணவிற் குறை, செலவிற் கருத்து வேற்றுமை, மாமி மருகியர் பிணக்கு, ஒருநாட் சினம், ஒரு கடுஞ்சொல் ஆகியவற்றை நீதிமன்றங்கள் மணவாழ்வின் அன்றாடத் தேய்மானம் என்றே கருதுகின்றன. தனிச்செயலன்று, தொடர்ந்த நடையே நோக்கப்படும். மனம் ஒவ்வாமை வேறு, மனக்கொடுமை வேறு. மணம் மீட்கவொண்ணாதபடி முறிந்துவிட்டது என்னும் காரணம் ஒன்றனையே கொண்டு குடும்ப நீதிமன்றம் மணவிலக்கு அளித்தல் இயலாது. உச்ச நீதிமன்றம் மட்டும் அரசியலமைப்பின் 142ஆம் உறுப்பின்படி தன் விருப்புரிமையால் அவ்வாறு செய்யலாம் என்று 2023ஆம் ஆண்டில் ஐவர் கொண்ட அமர்வு விளக்கிற்று; அதனை உரிமையாகக் கேட்டல் யார்க்கும் இயலாது.

துன்புறுவார்க்கு மணவிலக்கு ஒன்றே வழியென்றும் எண்ணற்க. மணத்தை அறுக்க விரும்பாதார் நீதிமன்றப் பிரிவினை கோரலாம். 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைப் பாதுகாப்புச் சட்டம் சொல்லாலும் உணர்ச்சியாலும் செய்யும் கொடுமையையும் வன்முறையென்றே கொள்கின்றது. மனைவி தான் வாழும் வீட்டினின்று வெளியேற்றப்படாதிருக்க அதன்வழி ஆணை பெறலாம். மனத்துக்குச் செய்யும் கடுந்தீங்கு குற்றச்சட்டத்துள்ளும் 1983 முதல் இடம்பெற்றது. 2024 ஜூலை முதல் அது பாரதீய நியாய சங்கிதையின் 85, 86ஆம் பிரிவுகளில் உள்ளது. வழக்கறிஞர்க்குப் பொருள் கொடுக்க வழியில்லையே என்று மகளிர் அஞ்சவேண்டுவதில்லை. 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் பெண்களுக்கு வருவாய் நோக்காது இலவச உதவி பெறும் உரிமை அளித்துள்ளது. கண்ணீர் மட்டும் சாட்சியமாகாது. நிகழ்ச்சிகளை நாளும் இடமும் குறித்து எழுதிவைத்தலும், கடிதங்களைப் போற்றுதலும், மருத்துவரிடம் சென்றிருப்பின் அச்சீட்டுகளைக் காத்தலும், நம்பிக்கைக்குரிய ஒருவரிடம் உண்மையை உரைத்து வைத்தலும் பிற்காலத்தில் உதவும்.

6. மனச்சான்றின் வினா

கிறிஸ்தவன் இங்கே ஒரு தடையை எதிர்ப்படுகின்றான். கடவுள் இணைத்ததை மனிதன் பிரித்தலாகாது என்பது ஆண்டவர் போதனை. மோசே மணவிலக்கை அனுமதித்தது மக்களின் இருதயக் கடினம் பற்றியே என்றும் அவர் கூறினார். அப்படியாயின் மனக்கொடுமைக்காக மணவிலக்குப் பெறுதலை நாம் எங்ஙனம் ஏற்பது?

சபைகளுக்குள் இதுபற்றிக் கருத்தொற்றுமை இல்லை. அதனைத் தீர்த்தல் மாணவன் ஒருவனது ஆற்றலுக்கு அப்பாற்பட்டது. ஆயினும் மூன்று செய்திகளை நினைவூட்டல் தகும். முதலாவது, மத்தேயு ஐந்தாம் அதிகாரத்தில் மணவிலக்கைப் பற்றிப் பேசிய அதே மலைப்பிரசங்கத்தில், சில வசனங்களுக்கு முன்னரே, சகோதரனை இழித்துரைக்கும் சொல்லை ஆண்டவர் கொலையோடு சேர்த்து வைத்துப் பேசினார். ஒன்றை ஏற்று மற்றொன்றை மறத்தல் நேர்மையன்று. இரண்டாவது, தள்ளிவிடுதலைக் கண்டிக்கும் மல்கியாவின் வசனம் அவ்விடத்திலேயே கொடுமையையும் கண்டிக்கின்றது. மூன்றாவது, மணம் அறுக்கவொண்ணாதது என்பதில் மிக உறுதியாய் நிற்கும் கத்தோலிக்கத் திருச்சபையும், தன் 1983ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பின் 1153ஆம் விதியில், ஒருவர் மற்றவரது உடலுக்கேனும் மனத்துக்கேனும் கடுந்தீங்கு விளைப்பின் பிரிந்து வாழ இடந்தருகின்றது. மணக்கட்டு நிற்கும்; ஆயின் துன்புறுவார் துன்பத்தினடியிலேயே நிற்கவேண்டும் என்று அது கட்டாயப்படுத்தவில்லை.

இவற்றால் விளங்குவது ஒன்று. மணவுடன்படிக்கையைக் காத்தல் இருவர் கடமை. அதனை நாள்தோறும் சொல்லாலும் புறக்கணிப்பாலும் உடைத்தவரை விட்டுவிட்டு, உடைந்ததென்று நீதிமன்றத்தில் உரைத்தவரையே உடன்படிக்கை பிறழ்ந்தவர் என்று சபை தூற்றுமாயின், அஃது இருதயக் கடினத்தின் பக்கம் நிற்பதாகும். நம் வீடுகளில் துன்பத்தைச் சொல்லவந்த பெண்ணுக்குப் பெரியோர் வழக்கமாகக் கூறும் விடை, ‘பொறுத்துப் போ, ஜெபம் பண்ணு’ என்பதே. பொறுமையும் ஜெபமும் நல்லனவே. ஆனால் அவ்விரண்டும் துன்புறுவார்க்கு மட்டும் கட்டளையிடப்பட்டனவல்ல. துன்புறுத்துவாரிடம் சென்று ‘நீ மனந்திரும்பு’ என்று கூறும் பெரியோரே அரியர். மனைவியர்பால் கசப்புக் கொள்ளற்க என்று கணவர்க்குப் பவுல் அடிகள் கொலோசெயர் நிருபத்தில் எழுதியதும் திருமணப் பிரசங்கங்களில் கேட்கப்படவேண்டும். கொடுமை ஆடவர்க்கும் நேர்தல் உண்டாதலின், வெட்கத்தால் வாய்மூடிய கணவன் சொல்லுக்கும் செவிகொடுத்தல் வேண்டும்.

வேலப்பன்சாவடி முதலாகச் சென்னைக்கு மேற்கே சாவடி என்று முடியும் ஊர்ப்பெயர்கள் சில உள. சாவடி என்னும் சொல்லுக்கு நம் நாட்டில் இருபொருள் உண்டு: வழிநடந்து இளைத்தவர் தங்குமிடம் ஒன்று; ஊரார் கூடி வழக்குக் கேட்குமிடம் மற்றொன்று. ஓரிடமே தங்கல் கொடுக்கவும் வழக்குக் கேட்கவும் உரியதென்பது நம் முன்னோர் கருத்துப் போலும். நம் சபைகளும் குடும்பங்களும் அத்தகைய சாவடிகளாதல் வேண்டும். வந்தவரை முதலில் அமர்த்துக. அடிபட்ட தழும்பு எங்கே என்று கேளாதிருக்க. இருபாலார் சொல்லையும் முழுவதும் கேட்க. சேர்த்துவைக்க இயலுமாயின் உண்மையோடு சேர்த்துவைக்க. இயலாதாயின், பிரிந்தவரைச் சபையின் பந்தியினின்று பிரியாதிருக்க. சட்டம் 132 ஆண்டுகளிற் கற்ற பாடத்தை அன்பு ஒரு நாளிற் கற்றல் கூடும்.